'மற்றும் பலர்' என்று போட்டால் முடிந்ததா? சினிமா அம்மாக்களுக்கு வராத பங்கு

2006 சட்டமன்றத் தேர்தலில் தனித்து நின்ற தேமுதிக ஒரே ஒரு தொகுதியில்தான் ஜெயித்தது. விருத்தாசலம். ஜெயித்தவர் விஜயகாந்த். பீங்கான் ஊர் என்று பெயர் வாங்கிய விருத்தாசலம், அந்த ஒரு நாளில் தமிழ்நாடு முழுக்கப் பேச்சானது.

அவருக்கு விழுந்த ஓட்டில் அரசியல் எவ்வளவு, சினிமா எவ்வளவு என்று பிரித்துச் சொல்வது கஷ்டம். ஆனால் 'சின்ன கவுண்டர்' (1992) பார்த்தவர்களுக்கு ஒரு விஷயம் தெரியும். ஊரே மதிக்கிற அந்தக் கவுண்டர், ஆத்தா முன்னால் மட்டும் சின்னப் பையனாகிவிடுவார். அந்த இடத்தில்தான் அவர் நல்லவர் என்று நம்பத் தோன்றும். எத்துப்பல் வைத்துக்கொண்டு அந்த ஆத்தாவாக வந்தவர் மனோரமா. சண்டைக் காட்சியில் ஹீரோ பலசாலி ஆகிறார், சரி. அவரை நல்லவர் ஆக்குவது பெரும்பாலும் அம்மாதான். எம்.ஜி.ஆர். காலத்திலிருந்து இதுதான் ஃபார்முலா.

விருத்தாசலம் பக்கம் செராமிக் பட்டறையில் பொம்மை செய்வதைப் பார்த்திருந்தால் இது இன்னும் சுலபமாகப் புரியும். களிமண்ணைக் குழம்பாகக் கரைத்து பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் அச்சில் ஊற்றுவார்கள். அச்சு தண்ணீரை உறிஞ்சிக்கொள்ளும். களிமண் உள்பக்கமாகப் படியும். மிச்சக் குழம்பை வடித்துவிட்டு அச்சைப் பிரித்தால் பொம்மை வரும். அதே அச்சில் அடுத்தது, அதற்கடுத்தது. நாளாக நாளாக அச்சின் உள்பக்கம் தேய்ந்து, பொம்மையின் மூக்கும் முழியும் மழுங்க ஆரம்பித்ததும் அச்சைத் தூக்கிப் போட்டுவிட்டு வேறொன்று எடுப்பார்கள். கடைக்குப் போவது பொம்மைதான், அச்சு போகாது. தமிழ் சினிமாவில் அம்மா, பாட்டி, அத்தை வேஷம் போட்ட பெண்களின் கதையும் கிட்டத்தட்ட இப்படித்தான்.

மகனைவிடச் சின்ன அம்மா

பண்டரிபாய் 'பராசக்தி'யில் (1952) சிவாஜிக்கு ஜோடி. பதினாறு வருஷம் கழித்து 'குடியிருந்த கோயில்' (1968) படத்தில் எம்.ஜி.ஆருக்கு அம்மா. எம்.ஜி.ஆர். பிறந்தது 1917இல். பண்டரிபாய் அவரைவிடப் பத்து வயதுக்கு மேல் சின்னவர்!

ஸ்ரீவித்யா விஷயம் இன்னும் விசித்திரம். 'அபூர்வ ராகங்கள்' (1975) படத்தில் கமல் அவரைக் காதலிப்பார், ரஜினி அவருடைய கணவராக வருவார். 1989இல் 'அபூர்வ சகோதரர்கள்' வந்தபோது அவர் கமலுக்கு அம்மா. 1991இல் 'தளபதி'யில் ரஜினிக்கு அம்மா. ஸ்ரீவித்யா பிறந்தது 1953, ரஜினி பிறந்தது 1950. அம்மாவைவிட மகன் இரண்டரை வயது மூத்தவர். 'தளபதி'யில் அம்மா சிறுமியாக இருக்கும்போதே குழந்தை பெற்றவள் என்று கதை ஓரளவு சமாளித்துவிடும். மற்ற படங்களில் அந்தச் சமாளிப்பும் கிடையாது. தலைக்குக் கொஞ்சம் வெள்ளை அடித்தால் வேலை முடிந்தது. வடிவுக்கரசி 'கன்னிப் பருவத்திலே' (1979) படத்தின் கதாநாயகி. அவரே 'அருணாச்சலம்' (1997) படத்தில் கூன் விழுந்த கிழவியாக வந்தார். அந்தப் படத்தின் ஹீரோ ரஜினி அவரைவிட வயதில் பெரியவர்.

நடிகைக்கு முப்பத்தைந்து தாண்டினால் ஜோடி வேஷம் போய்விடும். நடிகருக்கு ஐம்பது, அறுபது ஆனாலும் போகாது. இந்த வித்தியாசத்துக்கு 'ரசிகர்கள் விரும்புவதில்லை' என்று காரணம் சொல்வார்கள். ரசிகர்களிடம் யாராவது கேட்டார்களா என்பது வேறு கதை.

திருட்டுப் பாட்டியின் முழுக் கதை

எஸ்.என். லட்சுமி. பெயரைச் சொன்னால் இன்று பலருக்கு முகம் வராது. 'மைக்கேல் மதன காமராஜன்' (1990) திருட்டுப் பாட்டி என்று சொல்லுங்கள், கேட்டவர் உடனே சிரித்துவிடுவார். ஊர்வசிக்குப் பாட்டியாக வந்து, கண்ணில் பட்டதையெல்லாம் மடியில் சுருட்டிக்கொள்வாரே, அவர்தான். அந்தப் பாட்டி ஒரு இடத்தில்கூடத் தான் காமெடி பண்ணுவதாகக் காட்டிக்கொள்ள மாட்டார். திருடுவது அவருக்கு மூச்சு விடுவது மாதிரி சாதாரணம். மாட்டிக்கொண்டபோதும் அந்த முகத்தில் குற்ற உணர்ச்சியே இருக்காது. கிரேஸி மோகன் வசனம் தெறிக்கிற படத்தில், நான்கு கமல்களுக்கு நடுவில், இவர் நின்று விளையாடியது அதனால்தான்.

இனிஷியலில் உள்ள 'எஸ்' விருதுநகர் பக்கத்துச் சென்னெல்குடியைக் குறிக்கிறது. 'என்' அப்பா நாராயணன். வசதியில்லாத குடும்பம், அதில் 13வது பிள்ளை. சின்ன வயதிலேயே நாடகத்துக்கு வந்துவிட்டார். ஜெமினியின் 'சந்திரலேகா' (1948) படத்தில் பிரம்மாண்ட டிரம்ஸ் நடனம் வருமே, அதில் ஆடிய பெண்களில் இவரும் ஒருவர். அந்த நடனத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் எஸ்.எஸ். வாசனைச் சொல்வார்கள், செலவைச் சொல்வார்கள், டிரம்ஸுக்குள்ளிருந்து வீரர்கள் குதிப்பதைச் சொல்வார்கள். மேலே ஆடிய பெண்களின் பெயரை யாரும் சொல்வதில்லை.

எம்.ஜி.ஆர். நடித்த 'பாக்தாத் திருடன்' (1960) படத்தில் டூப் போடாமல் சிறுத்தையோடு சண்டை போட்டிருக்கிறார் லட்சுமி. பாட்டியாக மட்டும் அவரைத் தெரிந்தவர்களுக்கு இது நம்ப முடியாத செய்தியாக இருக்கலாம். நாடகக் குழுக்களில் வளர்ந்தவர்கள் அப்படித்தான். பாட்டு, ஆட்டம், கத்திச் சண்டை எல்லாம் தெரிந்தால்தான் சாப்பாடு.

'சர்வர் சுந்தரம்' (1964) அவருக்கு ஒரு திருப்பம். ஹோட்டல் சர்வராக இருந்து நட்சத்திரமாகிவிடும் நாகேஷுக்கு அம்மா வேஷம். மகன் படப்பிடிப்பிலிருந்து வந்துசேர்வதற்குள் உயிர் போய்விடும். சினிமாவின் பளபளப்புக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று சொல்ல வந்த அந்தப் படத்தில், நடிகன் கொடுக்கிற விலை அந்த அம்மாதான். அந்த வேஷத்தை அவ்வளவு நன்றாகச் செய்ததன் பலன்: அதன் பிறகு வந்ததெல்லாம் அம்மா வேஷம், பிறகு பாட்டி வேஷம்.

இதை வெறும் புலம்பலாகச் சொல்ல முடியாது. ஒரே அச்சுக்குள்ளும் லட்சுமி ஒரே மாதிரி இருந்ததில்லை. 'மகாநதி'யில் (1994) அவர் மாமியார். சீட்டுக் கம்பெனி மோசடியில் மருமகன் ஜெயிலுக்குப் போய்விட, பேரன் பேத்தியோடு ஆதரவில்லாமல் நிற்பார். திருட்டுப் பாட்டியைப் பார்த்து நான்கு வருஷம்கூட ஆகியிருக்காது. அதே முகம்தான், ஆனால் அந்தப் பாட்டி ஞாபகத்துக்கே வர மாட்டார். 'விருமாண்டி'யில் (2004) கிராமத்துப் பாட்டி. இந்த மூன்று படங்களையும் அடுத்தடுத்துப் பார்த்தால் தெரியும், ஹீரோ மூன்றிலும் கமல்தான். ஆனால் மேக்கப் மாறாமல் ஆள் மாறியவர் லட்சுமி.

கடைசிக் காலத்தில் அவருக்குத் தினமும் வேலை கொடுத்தது டிவி. சன் டிவியில் 'தென்றல்', விஜய் டிவியில் 'சரவணன் மீனாட்சி'. 2012 பிப்ரவரி 20 அன்று சென்னையில் காலமானார். அரை நூற்றாண்டுக்கு மேல் நடித்தவர். 

டிவி கொடுத்ததும் எடுத்துக்கொண்டதும்

1999இல் ராதிகாவின் 'சித்தி' வந்து மெகா சீரியல் என்பது பெரிய தொழிலாக மாறியபோது, அதிகம் பிழைத்தவர்கள் சினிமா ஒதுக்கிவைத்த நடிகைகள். சினிமாவில் ஒரு அம்மாவுக்கு மொத்தம் ஐந்து சீன் இருந்தால் பெரிது. சீரியலில் மாமியார் இல்லாமல் ஒரு எபிசோடு நகராது. மாதத்தில் இத்தனை நாள் கால்ஷீட் என்று வந்தால் வாடகை, மருந்து, பேத்தி ஃபீஸ் எல்லாம் கணக்குப் போட்டுக்கொள்ளலாம். தினமும் ராத்திரி வீட்டுக்குள் வருகிற முகம் என்பதால், மார்க்கெட்டில் பார்த்தால் ஜனங்கள் கேரக்டர் பெயரைச் சொல்லித்தான் கூப்பிடுவார்கள். சிலருக்கு அடியே விழுந்திருக்கும், அவ்வளவு கோபம்!

ஆனால் அந்தக் கணக்கு எந்த நாளும் முடிந்துவிடலாம். சம்பளம் நாள் கணக்கில்தான். டிராக் மாறினால், டிஆர்பி இறங்கினால், அந்தக் கேரக்டர் திடீரென்று வெளியூர் போய்விடும். உடம்பு சரியில்லை என்று நான்கு நாள் வரவில்லை என்றால் திரையில் ஒரு வரி ஓடும்: 'இனி இவருக்குப் பதில் இவர்'. சீரியல் பார்க்கிற எல்லோருக்கும் தெரிந்த வரிதான். அதைவிடச் சுருக்கமான வேலைநீக்க உத்தரவு உலகத்தில் எந்த ஆபீஸிலும் இருக்க முடியாது.

பெரிய பெயர் இருந்தாலும் பாதுகாப்பு கிடையாது என்பதற்கு மனோரமாவே சாட்சி. 1996 தேர்தலில் ஜெயலலிதாவுக்காகப் பிரசாரத்துக்குப் போனார். ரஜினியைக் கடுமையாகத் தாக்கிப் பேசினார். அதிமுக தோற்றது. படங்கள் வராமல் போயின. 'புதிய பாதை'க்காகத் தேசிய விருது வாங்கியவர், கின்னஸில் இடம் பிடித்தவர், வீட்டில் சும்மா இருந்தார். பிறகு கூப்பிட்டு 'அருணாச்சலம்' படத்தில் வேஷம் கொடுத்தவர் ரஜினியேதான். அது ரஜினியின் பெருந்தன்மை, சந்தேகமில்லை. மனோரமாவே அதைப் பலமுறை சொல்லியிருக்கிறார். ஆனால் ஆயிரத்துக்கு மேற்பட்ட படங்களில் நடித்த ஒருவரின் அடுத்த படம், ஒரு ஹீரோவின் நல்ல மனசைப் பொறுத்திருந்தது என்றால், பெயர் தெரியாத நடிகையின் நிலைமை என்ன?

அதற்கும் பதில் இருக்கிறது. 'கோழி கூவுது' (1982) முதல் பல படங்களில் சிரிக்க வைத்த பிந்து கோஷ், கடைசிக் காலத்தில் மருத்துவச் செலவுக்கு யூடியூப் பேட்டிகளில் உதவி கேட்டுக்கொண்டிருந்தார். சிலர் உதவினார்கள். 2025 மார்ச்சில் இறந்துபோனார். அந்தப் பேட்டிகளைப் பார்த்தவர்கள் எத்தனை பேருக்கு, அவர் நடித்த காமெடிகள் இன்னும் டிவியில் ஓடி யாருக்கோ விளம்பரக் காசு வாங்கிக் கொடுக்கின்றன என்ற ஞாபகம் வந்திருக்கும்?

யார் 'துணை'?

இங்கே ஒரு வார்த்தைச் சிக்கல் உண்டு. தமிழ்ப் பத்திரிகைகளில் 'துணை நடிகை' என்றால் கூட்டத்தில் நிற்கும் ஜூனியர் ஆர்ட்டிஸ்ட். குற்றச் செய்திகளில் அந்த வார்த்தை வருகிற தொனியே வேறு. மரியாதையாகச் சொல்ல 'குணச்சித்திர நடிகை' என்பார்கள். விருது என்று வந்துவிட்டால் திரும்பவும் 'சிறந்த துணை நடிகை'.

2023ஆம் ஆண்டுக்கான தேசிய விருதுகளில் 'உள்ளொழுக்கு' என்ற மலையாளப் படத்துக்காக ஊர்வசிக்குத் துணை நடிகை விருது அறிவித்தார்கள். படமே அவரையும் பார்வதியையும் சுற்றித்தான் நடக்கிறது. எந்த அளவுகோலில் இது துணை வேஷம் என்று ஊர்வசி வெளிப்படையாகவே கேட்டார். கேட்டது நியாயம். வயதான பெண் கதையின் நடுவில் இருந்தாலும் 'துணை'தான் என்ற பழக்கம் விருதுக் குழுவரை ஊறியிருக்கிறது. இதை உடைத்ததும் நடந்திருக்கிறது: 'தென்மேற்குப் பருவக்காற்று' (2010) படத்தில் அம்மாவாக நடித்த சரண்யாவுக்குச் சிறந்த நடிகை விருதே கொடுத்தார்கள். ஆனால் அதன் பிறகும் அவரைத் தேடி வந்ததில் பெரும்பகுதி, ஹீரோவுக்குச் சோறு போடும் அம்மாதான்.

பெயர் போடாவிட்டால் என்ன போச்சு?

இங்கேதான் சட்டம் வருகிறது. எஸ்.என். லட்சுமி இறந்து நான்கு மாதம் கழித்து, 2012 ஜூன் 21 அன்று, திருத்தப்பட்ட பதிப்புரிமைச் சட்டம் அமலுக்கு வந்தது. பாடலாசிரியர்களுக்கும் இசையமைப்பாளர்களுக்கும் ராயல்டி கிடைக்க வழி செய்த சட்டம் என்றுதான் பலருக்கும் தெரியும். அதில் நடிகர்களுக்கும் ஒரு வரி இருக்கிறது. 38ஏ பிரிவு சொல்வது இதுதான்: நடிக்கச் சம்மதித்து எழுதிக் கொடுத்துவிட்டால் அந்த நடிப்பைப் பயன்படுத்தும் உரிமை தயாரிப்பாளருக்குப் போய்விடும், ஆனாலும் அந்த நடிப்பு வணிக ரீதியாகப் பயன்படுத்தப்பட்டால் ராயல்டி பெற நடிகருக்கு உரிமை உண்டு.

பாடகர்கள் இதைப் பிடித்துக்கொண்டு 2013இல் 'இஸ்ரா' என்று தங்களுக்கென ஒரு அமைப்பு வைத்துக்கொண்டார்கள், வசூலும் நடக்கிறது. நடிகர்கள் பக்கம் அந்த வேகம் இல்லை. உச்ச நட்சத்திரங்களுக்கு இது தேவைப்படவும் இல்லை. கோடிக்கணக்கில் முன்பணமும் சிலருக்கு லாபத்தில் பங்கும் கிடைக்கிறது. தேவைப்படுகிறவர்களுக்குப் பேரம் பேசும் பலம் இல்லை.

அதே சட்டத்தில் இன்னொரு வரி. படத்தில் போகிற போக்கில் வந்துபோகிறவர், தொழில் வழக்கப்படி டைட்டில் உட்பட எங்கேயும் பெயர் சொல்லப்படாதவர் என்றால், அவர் சட்டத்தின் கண்ணில் 'பெர்ஃபார்மர்' கிடையாது. தன் நடிப்பைச் சிதைத்துப் பெயரைக் கெடுத்தால் தட்டிக்கேட்கும் உரிமை மட்டும் அவருக்கு மிச்சம். ஆக, டைட்டிலில் 'மற்றும் பலர்' என்று போட்டுவிட்டுப் போவது இடத்தை மிச்சம் பிடிக்கிற விஷயம் மட்டுமில்லை. அந்தப் பலருக்கும் ராயல்டிக் கதவை மூடவும் அது உதவும். எஸ்.என். லட்சுமி மாதிரி பெயர் வாங்கியவர்களுக்கு இந்தச் சிக்கல் இருந்திருக்காது. 'சந்திரலேகா' டிரம்ஸ் மேல் ஆடிய லட்சுமி மாதிரி இன்று ஆடிக்கொண்டிருக்கிற பெண்ணுக்கு இருக்கிறது.

தயாரிப்பாளர்கள் சொல்வதிலும் நியாயம் உண்டு. முக்கால்வாசிப் படங்கள் போட்ட காசையே எடுப்பதில்லை. நஷ்டத்தில் பங்கு கேட்காதவர்கள் லாபத்தில் மட்டும் எப்படிக் கேட்கலாம் என்பார்கள். சரி. ஆனால் ராயல்டி என்பது லாபம் வந்த இடத்தில் மட்டும் கேட்கிற காசு. ஓடாத படத்துக்கு யாரும் கேட்கப்போவதில்லை. அமெரிக்காவில் 2023இல் நடிகர் சங்கம் 118 நாள் வேலைநிறுத்தம் செய்தபோது முக்கியச் சண்டைகளில் ஒன்று, ஓடிடியில் படம் மறுபடி மறுபடி ஓடுவதற்கு என்ன பங்கு என்பதுதான். இரண்டு வரி வசனம் பேசிய சின்ன நடிகைக்கும் அங்கே மறுஒளிபரப்புக் காசு செக்காக வரும். சில நேரம் ஒரு காபி வாங்கக்கூடப் போதாத செக். ஆனாலும் யாரும் போய்க் கேட்காமல் வருகிற செக்.

நம்மூரில் கேட்டால்தான் வரும். விஜயகாந்த் நடிகர் சங்கத் தலைவராக இருந்தபோது, நட்சத்திரங்களை வெளிநாட்டுக்குக் கூட்டிக்கொண்டு போய்க் கலைநிகழ்ச்சி நடத்திச் சங்கத்தின் கடனை அடைத்தார். அதை இன்றைக்கும் நாடக நடிகர்கள் நன்றியோடு சொல்வார்கள். சங்கத்தின் பலம் அதுதான், பலவீனமும் அதுதான்: யாராவது ஒரு பெரிய நடிகர் மனசு வைக்க வேண்டும். மூவாயிரத்துக்கும் மேற்பட்ட உறுப்பினர்களில் ஹீரோக்கள் எத்தனை பேர் இருந்துவிடப் போகிறார்கள்? மிச்சம் அத்தனை பேரும் துணைதான்.

தி.நகர் ஹபிபுல்லா சாலையில் 2017இல் அடிக்கல் நாட்டி வருஷக்கணக்கில் இழுத்த சங்கக் கட்டடத்தில், கல்யாண மண்டபம், தியேட்டர் என்று திட்டங்கள் பெரிது. அதில் ஒரு சின்ன அறையும் இரண்டு கம்ப்யூட்டரும் ஒதுக்கினால் போதும். டிவியிலும் ஓடிடியிலும் ஓடுகிற பழைய படங்களைப் போட்டு, ஒவ்வொரு சீனாக நிறுத்தி, இந்த அம்மா யார், அந்தப் பாட்டி யார், பின்னால் தட்டு வைத்துக்கொண்டு நிற்கும் பெண் யார் என்று பெயர் எழுத ஆரம்பிக்கலாம். அடையாளம் சொல்லக்கூடிய பழைய நாடக நடிகைகள் இன்னும் சிலர் இருக்கிறார்கள். அவர்களுக்கு அன்றைய பேட்டாவைக் கொடுத்து உட்கார வைத்தால், முதல் பட்டியல் ஆறு மாதத்தில் ரெடி.